மூன்றாம் நாள் கூப்பாடு

இன்று கத்துகிற நாள். ஆவுடை வீட்டைப் பூட்டினாள், பூட்டை இரண்டு தரம் இழுத்துப் பார்த்தாள், சாவியை முந்தியில் முடிந்து இடுப்பில் செருகிக்கொண்டாள். சட்டக் கல்லூரியில் பேராசிரியையாக இருக்கிறவள் சாவியை முந்தியில் முடிவாளா என்றால், மற்ற நாட்களில் மாட்டாள். கைப்பையைத் தோளில் மாட்டினால் ஏதோ ஜோலியாகப் போகிறாள் என்று தெரு நினைத்துக்கொள்ளும். தெரு அப்படி நினைக்கக் கூடாது. வெறுங்கையோடு, தலைகூடச் சரியாக வாராமல், அந்தி விளக்கு போடுகிற நேரத்தில் ஒரு பொம்பளை போகிறாள் என்றால் எங்கே போகிறாள் என்று கேட்காமலே தெரியவேண்டும். படியிறங்கியதும் தலை தானாக அண்ணாந்தது. பங்குனிக்குப் பிறகு இப்படித்தான், எந்தத் தெருவில் கால் வைத்தாலும் முதலில் மேலே பார்ப்பாள். பூந்தொட்டி, ஏசிப் பெட்டி, கொடியில் தொங்குகிற ஈரத்துணி, கைப்பிடிச்சுவரில் காக்காய்க்கு வைத்த கிண்ணம், எல்லாம் எந்த நேரமும் கீழே வரலாம். பாளையங்கோட்டை இவ்வளவு உயரமாக வளர்ந்துவிட்டதை அதற்கு முன்னால் அவள் கவனித்ததே இல்லை. அந்தக் காலத்து ரோமாபுரியும் உயரமான ஊர்தான். மாடிக்கு மேல் மாடி கட்டி, ஜன்னல் வழியாக எச்சில் தண்ணீரையும் உடைந்த சட்டியையும் தெருவில் கொட்டுகிற ஊர். அதனால்தான் அவர்கள் ஒரு விதி வைத்திருந்தார்கள்: மாடியிலிருந்து எது விழுந்தாலும் அந்த மாடியில் குடியிருக்கிறவன் பொறுப்பு. அவன் தள்ளினானா, அவன் பெண்டாட்டி தள்ளினாளா, விருந்துக்கு வந்தவன் தள்ளினானா, கேள்வியே கிடையாது. எத்தனை வருஷம் கரும்பலகையில் எழுதிப்போட்டிருப்பாள்! இன்றைக்கு நம் கோர்ட்டில் சொல்கிற கடும்பொறுப்புக்கு இதுதான் பாட்டன் முப்பாட்டன் என்று சொல்லி, அப்படித்தானே என்று கேட்பாள். அவள் வகுப்பில் எல்லாக் கேள்வியும் அப்படித்தானே என்றுதான் முடியும். எழுந்து நிற்கிறவன் ஆமா மேடம் என்று சொல்லவேண்டியது, உட்காரவேண்டியது. பிள்ளைகள் அவளுக்கு வைத்த பட்டப்பெயரே அப்படித்தானே மேடம்தான். அது அவளுக்குத் தெரியும், தெரியாத மாதிரி இருந்துகொள்வாள்.

அம்மிக் குழவி. மனிதனைக் கொல்வதற்கு வேறு ஒன்றுமே கிடைக்கவில்லையா என்று அவளுக்கு இப்போதும் ஆத்திரம் வரும். பஸ் மோதிச் செத்தான், கரண்ட் அடித்துச் செத்தான் என்றால் கேட்கிறவன் ஐயோ என்பான். அம்மிக் குழவி விழுந்து செத்தார் என்றால் ஒரு நொடி வாயைப் பிளந்துவிட்டு அப்புறம்தான் ஐயோ வருகிறது. அவள் புருஷன் மாசிலாமணிக்குப் பங்குனியில் அப்படி ஒரு சாவு. யாரையும் ஏய் என்று கூப்பிட்டறியாத மனுஷன். ரயில்வேயில் இருந்து ஓய்வு பெற்றபிறகும் ரயில் நேரத்துக்கு எழுந்திருக்கிற மனுஷன். தெருமுனை மாடிக்குடியிருப்புக்குக் கீழே நிற்கிற இஸ்திரி வண்டிக்குக் காலையில் போனார். நின்றார். மேலேயிருந்து வந்தது. இந்த ஊரில் யாரும் அம்மியையும் குழவியையும் வெளியே எறியமாட்டார்கள், வீட்டுக்கு ஆகாது. கிரைண்டர் வந்து மிக்சி வந்து அம்மிக்கு வேலை ஒழிந்த பிறகும், வீடு மாறும்போதெல்லாம் தூக்கிக்கொண்டுபோய்க் கடைசியில் மொட்டைமாடி மூலையில் போட்டுவிடுவார்கள். வடகம் காயப்போட்டால் தார்ப்பாய் பறக்காமல் இருக்க ஓரத்துக்கு ஒன்று தூக்கி வைப்பார்கள். அந்தக் குடியிருப்பின் மொட்டைமாடியில் மட்டும் அம்மி இல்லாத குழவிகள் ஐந்தாறு கிடந்தனவாம். இது யாருடையது என்று போலீஸ் கேட்டபோது ஒவ்வொரு வீட்டுக்காரனும் எங்களதில்லை என்றான். தாத்தா காலத்துக் கல், பாட்டி அரைத்த கல், பெண்ணுக்குச் சீதனமாக வந்த கல், ரத்தம் பட்டதும் அநாதையாகிவிட்டது. இப்போது கோர்ட்டில் சாமான்கள் வைக்கிற அறையில் ஒரு சாக்கில் கட்டி, சீட்டு ஒட்டி, சான்றுப்பொருள் என்று உட்கார்த்தி வைத்திருக்கிறார்கள். ஏதென்ஸ்காரனாக இருந்தால் கல்லையே கூண்டில் ஏற்றியிருப்பான். கொன்றவன் யாரென்று தெரியாவிட்டால் கல்லுக்கு விசாரணை, கோடரிக்கு விசாரணை, நீதான் கொன்றாய் என்று தீர்ப்பு, தூக்கிக்கொண்டுபோய் ஊர் எல்லைக்கு வெளியே எறிவது. இதைச் சொன்னால் வகுப்பே சிரிக்கும். சிரிக்காதீங்க, கொலை நடந்த ஊருல யாராவது ஒருத்தரு குத்தவாளியா ஆகணும், இல்லன்னா ஊரு தூங்காது, அப்படித்தானே என்று அவள் சொல்லியிருக்கிறாள். ஊர் நன்றாகத்தான் தூங்குகிறது. தூங்காதவள் அவள் ஒருத்தி.

ஆனால் அவளுக்குக் கல் வேண்டாம். அவளுக்குச் சந்தனகுமார் வேண்டும். மேல்மாடிக்காரன், வெள்ளைச் சட்டை, குடியிருப்போர் சங்கத்துக்குத் தலைவனாம். அலறல் கேட்டு ஓடிப்போய், தெருவில் கிடந்தவரின் தலையை மடியில் எடுத்து வைத்துக்கொண்டு அவள் அண்ணாந்து பார்த்தபோது, கைப்பிடிச்சுவரில் சாய்ந்து நின்று கீழே பார்த்துக்கொண்டிருந்தான். வாயில் பல்விளக்குகிற பிரஷ். வாயோரம் நுரை. அந்த நுரை. எத்தனை மாதமாயிற்று, அந்த நுரை இன்னும் வழிந்து கீழே விழவும் இல்லை, அவன் துடைக்கவும் இல்லை, கண்ணை மூடினால் அங்கேயே நிற்கிறது. வேறு ஆட்களும் மாடியில் நின்றார்கள், ஒரு சின்னப்பிள்ளைகூட நின்றது, அவர்கள் முகம் ஒன்றும் அவளுக்கு ஞாபகம் இல்லை. அதற்கு முந்தின மாசம்தான் மாசிலாமணி அவனிடம் போய், உங்க ஏசித் தண்ணி கீழ இஸ்திரிக்காரரு துணி மேல சொட்டுது, கொஞ்சம் பாருங்க தம்பி என்று சொன்னார். உம்ம வேலையைப் பாத்துட்டுப் போம்வே என்றான் அவன். வயசுக்கு மரியாதை இல்லாமல் சொன்னவன் கல்லைத் தள்ளமாட்டானா? தார்ப்பாயை இழுத்தபோது கை தவறியிருக்கும் என்றார் இன்ஸ்பெக்டர். கை தவறுவது என்ன கை தவறுவது? கையெறிந்த ஆயுதம் வேறு, கைநழுவின ஆயுதம் வேறு என்று ரோமாபுரியின் ஆதிச் சட்டமான பன்னிரண்டு பலகைச் சட்டமும் பிரித்துத்தான் சொல்கிறது. நழுவவிட்டவன் செத்தவனின் சொந்தக்காரர்களுக்கு ஒரு கிடாவைக் கொண்டுவந்து ஒப்படைத்தால் போதும், ஆளுக்குப் பதில் கிடா. நம் ஊர் சுடலைமாடனும் ஒப்புக்கொள்ளக்கூடிய ஏற்பாடுதான். சந்தனகுமாரும் ஒருநாள் வந்தான். பதினாறாம் நாள் காரியம் கழிந்த சாயங்காலம் வாசலில் செருப்பைக் கழற்றிவிட்டு நின்று, கல்லு எங்களதில்லக்கா, நான் தள்ளவும் இல்ல, ஆனாலும் எங்க மாடியிலேருந்துதானே விழுந்திருக்கு, எனக்குப் பொறுப்பு இல்லன்னு சொல்லமாட்டேன், என்ன செய்யணும்னு சொல்லுங்க, செய்யுதேன் என்றான். ரோமாபுரிக்காரன் அவனைக் கட்டிப் பிடித்திருப்பான். ஆவுடை, வெளிய போலே என்றாள். தள்ளாதவன் ஏன் வருகிறான், குற்றம் உள்ளவன்தானே வாசலுக்கு வருவான், அப்படித்தானே என்று அன்று ராத்திரி முழுக்க வெறும் வீட்டிடம் கேட்டுக்கொண்டிருந்தாள். அங்கத்தை முறித்தவன் சமாதானம் பண்ணிக்கொள்ளாவிட்டால் அவனுக்கும் அதே முறிப்பு என்பது எட்டாவது பலகை. சமாதானம் கேட்டு வந்தவனைத் துரத்திவிட்டால் என்ன செய்வது என்று பலகையில் எழுதவில்லை. அவளுக்கு எழுதவும் வேண்டாம். அவன் கூண்டில் நிற்கவேண்டும். அந்த வெள்ளைச் சட்டையைக் கழற்றி ஜெயில் சட்டை போடவேண்டும். அவன் பெண்டாட்டி தெருவில் அண்ணாந்து அண்ணாந்து பார்த்து நடக்கவேண்டும். ஒரு வருஷமோ இரண்டு வருஷமோதான் கொடுப்பார்கள் என்று தெரியும், போதாது என்றும் தெரியும், அதுவாவது வேண்டும்.

அதற்குத்தான் இசக்கிப்பாண்டி வேண்டும். அவன் ஒருத்தன்தான் சாட்சி. குடியிருப்புக்கு நேர் எதிர்வீடு, அவளிடம் படித்தவன், இப்போது வக்கீல். காலையில் வாசலில் பேப்பர் எடுக்கக் குனிந்தவன் பார்த்திருக்கிறான், சந்தனகுமார் கல்லைத் தள்ளியதைப் பார்த்திருக்கிறான், ஆஸ்பத்திரி வராந்தாவில் அவனே வந்து சொன்னான், போலீஸிலும் அப்படியே எழுதிக் கொடுத்தான். கோர்ட்டில் ஏறினான். கல் விழுந்ததைப் பார்த்தேன், தள்ளியவரைப் பார்க்கவில்லை என்றான். பிறழ் சாட்சி என்று எழுதிக்கொண்டார்கள். ஆவுடை பின்பெஞ்சில் உட்கார்ந்திருந்தாள். அவன் கூண்டிலிருந்து இறங்கிப் போகும்போது அவளைப் பார்க்கவில்லை, பார்க்காமல் போனதே போதும். ஏன் மாறினான்? சந்தனகுமாரின் மச்சினன் பெரிய வக்கீல், அவன் ஆபீஸுக்கு இவன் போகவர இருக்கிறான், வேறென்ன காரணம் வேண்டும்! அவள் ஒன்றுவிடாமல் யோசித்துப் பார்த்துவிட்டாள், எந்தப் பக்கம் போனாலும் அங்கேதான் வந்து நிற்கிறது. அன்று கோர்ட் படியில் நின்றபோதுதான் அந்தப் பழைய வரி எங்கிருந்தோ ஞாபகத்துக்கு வந்தது, இரண்டாம் பலகை: எவனுக்குச் சாட்சி வரவில்லையோ, அவன் மூன்றாம் நாளுக்கு மூன்றாம் நாள் அந்தச் சாட்சியின் வீட்டு வாசலுக்குப் போய் நின்று கூப்பாடு போடட்டும். போலீஸ் இல்லை, பிடிவாரண்டு இல்லை, தொண்டைதான் சம்மன். அதைப் பாடமாக நடத்தின வகுப்பில் இதே இசக்கிப்பாண்டிதான் எழுந்து, அப்ப ரோமாபுரியிலயும் நம்ம ஊரு பொம்பளையள்தான் இருந்திருக்காவ மேடம், மண்ணை வாரித் தூத்துனாவளான்னு போட்டிருக்கா என்று கேட்டான். வகுப்பு விழுந்து விழுந்து சிரித்தது. அவளும் சிரித்தாள். சிரித்த வாய்க்கு இப்போது இருக்கு.

வந்தாயிற்று. நீல கேட். ஒரு பக்கம் மாடிக்குடியிருப்பு, இன்னொரு பக்கம் இந்த வீடு, நடுவில் பத்துப் பதினைந்தடி தார் ரோடு, அவர் விழுந்த இடத்தில் கறை ஒன்றும் இல்லை, ஆனாலும் ஒதுங்கித்தான் நிற்பாள். இஸ்திரி வண்டி இப்போது கோயில் பக்கம் போய்விட்டது. மூச்சை இழுத்துப் பிடித்துக்கொண்டாள். முதல்நாள் வாய் வரவே இல்லை. நாற்பது நிமிஷ வகுப்பில் கடைசி பெஞ்சு வரை கேட்கிற குரல், இங்கே தொண்டையில் முள் மாதிரி நின்றது. மைக் இல்லாத மேடையில் நிற்கிற மாதிரி நின்றுவிட்டு, இசக்கிப்பாண்டி, வெளிய வாப்பா என்று ஏதோ டியூஷன் பையனைக் கூப்பிடுகிற மாதிரி கூப்பிட்டுவிட்டுத் திரும்பினாள். வெட்கத்தில் காது எரிந்தது. அடுத்த தடவை சரியாக வந்தது. அதற்கடுத்த தடவை, தனக்குள் இப்படி ஒரு குரல் இருந்ததா என்று அவளே மலைக்கிற மாதிரி வந்தது. "இசக்கிப்பாண்டீ! சாட்சி சொல்ல வாலே! கண்ணால கண்டதைச் சொல்ல வாலே! பாத்தவன் வாயை எவன்லே தச்சான்!" இதோ, இன்றும் வந்துவிட்டது. எதிர்மாடியில் ஒரு ஜன்னல் சாத்துகிற சத்தம். பக்கத்து வீட்டு டிவி கொஞ்சம் உயர்ந்தது. முதலில் தெரு பாவப்பட்டது, அக்கா வீட்டுக்கு வாங்க, காப்பி குடிங்க என்றது. அப்புறம் சலித்துக்கொண்டது. இப்போது பழகிவிட்டது, பால்காரன் அவளைச் சுற்றி சைக்கிளை ஒடித்துக்கொண்டு போகிறான். ஒரு தடவை ஏட்டு ஒருவர் வந்து, டீச்சர், பப்ளிக்ல இப்படிச் சத்தம் போடக் கூடாது பாத்துக்கிடுங்க என்றார். எந்தச் சட்டத்துல என்று கேட்டாள். அவர் சட்டத்தைச் சொன்னார். அதுக்கு முன்னாடி ஒரு சட்டம் இருக்கு ஏட்டையா என்று இவள் ஆரம்பிக்க, அவர் வண்டியை எடுத்துக்கொண்டு போனவர் அப்புறம் இந்தப் பக்கமே வரவில்லை. இசக்கிப்பாண்டி மட்டும் இதுவரை வெளியே வந்ததில்லை. அவன் பெண்டாட்டி பொன்ராணிதான் ஒருநாள் கேட்டுக்கு உள்ளேயே நின்று கையெடுத்துக் கும்பிட்டு, மேடம், பிள்ளை பயப்படுது மேடம் என்று அழுதாள். அழட்டும். இவள் வீட்டில் அழுவதற்குக்கூட ஒரு ஆள் மிச்சமில்லை.

"வாலே வெளிய! ஆஸ்பத்திரியில சொன்னேல்லா! எனக்கு முன்னாடி நின்னு சொன்னேல்லா!" ஆஸ்பத்திரி வராந்தா. டெட்டால் வாசமும் சாத்துக்குடி வாசமும், யாரோ ஒரு கிழவி பெஞ்சில் உட்கார்ந்து சாத்துக்குடி உரித்துக்கொண்டிருந்தாள், உள்ளே மாசிலாமணியை என்னவோ செய்துகொண்டிருந்தார்கள், செய்வதற்கு ஒன்றும் இல்லை என்று அப்புறம்தான் சொன்னார்கள். இசக்கிப்பாண்டி வந்து சொன்னான். வந்தானா? இல்லை, அவன் அங்கேயேதான் இருந்தான். அவன்தானே தூக்கிக்கொண்டு வந்தான், ஆட்டோவில் மடியில் கிடத்திக்கொண்டு வந்தவன் அவன்தானே, சட்டையெல்லாம் ரத்தம், கையில் மாசிலாமணியின் ஒற்றைச் செருப்பு. அந்தச் செருப்பை எங்கே வைப்பது என்று தெரியாமல் கையிலேயே வைத்துக்கொண்டு சுவரில் சாய்ந்து நின்றான். அவள்தான் அவனிடம் போனாள். போய்க் கேட்டாள். கேட்டதற்குச் சொன்னான், ஆமா மேடம் என்று. சரி, கேட்டுத்தான் சொன்னான், கேட்டால் என்ன, சாட்சியைக் கேட்காமல் எப்படித் தெரியும்? காலையில் அந்த மனுஷன் பாலியெஸ்டர் புடவை போதுமே ஆவுடை, கருத்தரங்குக்கு யாரு புடவையைப் பாக்கப் போறா என்றார். பருத்திதான் கட்டணும், இஸ்திரி வாங்கிட்டு வாங்க, நேரமாச்சு, சீக்கிரம் போங்க என்று விரட்டினாள். சீக்கிரம் போங்க. ஒரு நிமிஷம் கழித்துப் போயிருந்தால் கல் வெறும் ரோட்டில் விழுந்திருக்கும். இதை நினைக்கக் கூடாது. இதை நினைக்கிற இடத்துக்குப் போகிறபோதெல்லாம் அந்த நுரை வந்து நின்று காப்பாற்றும், பிரஷ், வாயோரம் நுரை, சந்தனகுமார், வாலே, வாலே சந்தனகுமார். இசக்கிப்பாண்டியைத்தான் கேட்டாள். என்னவென்று கேட்டாள்? செருப்பை அவன் கையிலிருந்து பிடுங்கிக்கொண்டு கேட்டாள். அவன்தானேலே? சந்தனகுமார்தானே தள்ளினான்? நீ பாத்தேல்லா, அப்படித்தானே? சாத்துக்குடித் தோல் ஒன்று தரையில் விழுந்தது. இசக்கிப்பாண்டி வெறிச்சுப் பார்த்தான். கண்ணில் ஒன்றும் இல்லை. வகுப்பில் பதில் தெரியாமல் எழுந்து நிற்கும்போது இருக்கிற அதே கண். ஆமா மேடம். பதிலைக் கேள்விக்குள் வைத்துக் கேட்கக் கூடாது என்று சாட்சியச் சட்டம் சொல்லிக்கொடுத்தவள் யார்? தன் வழக்குக்குத் தானே நீதிபதியாக உட்காரக் கூடாது என்று லத்தீனில் எழுதிப்போட்டு அடிக்கோடு போட்டவள் யார்? ஆவுடை வாயை மூடிக்கொண்டாள். தெரு திடீரென்று அமைதியானது. எங்கேயோ குக்கர் விசில் அடித்தது. இல்லை, இல்லை, அவன் பார்த்தான், கேள்வி எப்படி இருந்தால் என்ன, பார்த்ததனால்தானே ஆமா என்றான்! "இசக்கிப்பாண்டீ!" என்று மறுபடி கத்தினாள், இந்தத் தடவை குரல் உடைந்து பாதியில் நின்றது.

கேட் திறந்தது. இசக்கிப்பாண்டி லுங்கியும் பனியனுமாக, கையில் ஒரு பிளாஸ்டிக் நாற்காலியோடு வெளியே வந்தான். தெருவில், அவள் பக்கத்தில் அதைப் போட்டான். ஆள் இளைத்திருந்தான், தாடி வளர்ந்திருந்தது.

"உக்காருங்க மேடம். நின்னு நின்னு உங்களுக்குக் காலு வீங்கியிருக்குன்னு பொன்ராணி சொன்னா."

"நான் உக்கார வரல. சாட்சி கேட்டு வந்திருக்கேன்."

"தெரியும் மேடம். ரெண்டாம் பலகை. பரிட்சையில எழுதுனேம்லா."

"எழுத மட்டும் வந்துது உனக்கு."

அவன் தலையைக் குனிந்துகொண்டான். பிறகு மெதுவாக, யாரோ மனப்பாடம் பண்ணச் சொன்ன மாதிரி சொன்னான். "நாளைக்கு அரசு வக்கீல் அண்ணாச்சிகிட்டப் பேசுதேன் மேடம். என்னை மறுபடி கூண்டுல ஏத்தச் சொல்லி மனுப் போடச் சொல்லுதேன். பயந்துக்கிட்டு மாத்திச் சொல்லிட்டேன்னு சொல்லுதேன். என் பேரு கெடும், தொழிலும் போவும், போட்டும். முடியல மேடம். பிள்ளை தூக்கத்துல எந்திச்சு உங்களை மாதிரியே கத்துது. சாட்சி சொல்ல வாலேன்னு கத்துது."

அவள் நாற்காலியின் முதுகைப் பிடித்துக்கொண்டாள். சந்தோஷமா இது? சந்தோஷம் இப்படியா இருக்கும்? "ஏறி என்ன சொல்லுவ?"

"நீங்க சொல்லுததைச் சொல்லுதேன்."

"கண்டதைச் சொல்லு."

"கண்டது கல்லுதான் மேடம்." முதல் தடவையாக நிமிர்ந்து பார்த்தான். "ஏதோ கருப்பா வந்துது. சாரு விழுந்தாவ. நான் மேல பாக்கல மேடம், சாரைத்தான் பாத்தேன். ஓடிப்போய்த் தூக்குனேன். அதுக்கு மேல எனக்குத் தெரியாது."

"அன்னைக்கு ஆமான்னியே."

"நீங்க கேட்டியளே மேடம்." குற்றம் சொல்லவில்லை. அப்படித்தான் நடந்தது என்று சொன்னான், அவ்வளவுதான். "அந்த நேரத்துல நீங்க கேட்டு நான் இல்லன்னு எப்படிச் சொல்ல? கூண்டுல ஏறி சத்தியம் பண்ணச் சொன்னதும் நாக்கு வரல. இப்ப வரும். நீங்க சொன்னா வரும்." அவன் கண் கலங்கியது. "சொல்லுங்க மேடம். நான் பாத்தேனா?"

கேட்டுவிட்டான். இனி அவள் ஒரு வார்த்தை சொன்னால் போதும். பார்க்கவில்லை என்று சொல்லலாம். சொன்னால் சந்தனகுமார் கோர்ட் படியில் இறங்கி வருவான், வெள்ளைச் சட்டை கசங்காமல் வருவான், மாலைகூடப் போடுவார்கள், வீட்டில் விருந்து வைப்பார்கள். அவளுக்கு மிஞ்சுவது சாக்கில் கட்டின ஒரு கல். கல்லை என்ன செய்வது, எல்லைக்கு வெளியே எறிவதா? கல்லைத் திட்ட முடியுமா, கல்லின் பெண்டாட்டி அழுவாளா? கல்லும் இல்லை என்று ஆனால் அப்புறம் யார்? சீக்கிரம் போங்க என்று சொன்ன வாய்தான் மிச்சம். அந்த இடத்துக்கு அவள் போகமாட்டாள். யார் போனாலும் அவள் போகமாட்டாள். பொய்சாட்சி சொல்கிறவனை ரோமாபுரிக்காரன் என்ன செய்வான் என்பதும் தெரியும், அதுவும் எட்டாவது பலகையில்தான் இருக்கிறது. மலையுச்சிப் பாறைக்குக் கூட்டிப்போய்க் கீழே தள்ளுவான். உயரத்திலிருந்து கீழே. இந்தப் பிள்ளையையா? ரத்தச் சட்டையோடு செருப்பை வைத்துக்கொண்டு நின்ற பிள்ளை. தலை தன்னால் அண்ணாந்தது. எதிர்மாடியில் கைப்பிடிச்சுவர் ஓரம் சந்தனகுமார் நின்றுகொண்டிருந்தான். சத்தம் சட்டென்று நின்றதனால் என்னவென்று பார்க்க வந்திருப்பான். கையில் பிரஷ் இல்லை, வாயில் நுரை இல்லை. கவலைப்பட்ட முகமாகக்கூட இருந்தது. ஆனால் அவள் பார்க்கப் பார்க்க அந்த வாயோரத்தில் நுரை வெள்ளையாகத் திரண்டு வந்தது, திரண்டு அங்கேயே நின்றது. வயிறு பற்றி எரிந்தது. எத்தனை மாதமாக எரிகிறது, அணைந்துவிடுமோ என்று பயந்துதானே ஒவ்வொரு மூன்றாம் நாளும் வந்து ஊதிவிட்டுப் போகிறாள்.

"பாத்தே" என்றாள் ஆவுடை. குரல் நடுங்கவில்லை. வகுப்பில் கேட்கிற குரல். "சந்தனகுமார் கல்லைத் தள்ளினான். நீ வாசல்ல நின்னு பாத்தே. அப்படித்தானே?"

இசக்கிப்பாண்டி அவள் முகத்தையே கொஞ்ச நேரம் பார்த்தான். இல்லை என்று சொல்லமாட்டாளா என்று இவ்வளவு நேரமும் காத்திருந்திருக்கிறான். அது அப்போதுதான் அவளுக்குத் தெரிந்தது.

"ஆமா மேடம்" என்றான்.

நாற்காலியைத் தூக்கிக்கொண்டு உள்ளே போனான். கேட்டின் கொக்கி விழுந்தது. பக்கத்து வீட்டு டிவியைக் குறைத்தார்கள். மூன்று நாளைக்கு ஒரு தடவை அடைக்கிற ஜன்னல் திறந்தது. மாடியிலிருந்து சந்தனகுமார், "அக்கா, தண்ணி எதும் குடிக்கியளா?" என்று கேட்டான். அவள் வீட்டுப் பக்கம் திரும்பினாள். இனி இங்கே வரவேண்டியதில்லை, கூப்பாடு முடிந்தது, சாட்சி வந்தாயிற்று. முந்தியில் சாவி இருக்கிறதா என்று தடவிப் பார்த்துக்கொண்டு மாடிகளுக்குக் கீழே, சுவரை ஒட்டியே நடந்தாள். பங்குனிக்குப் பிறகு அன்றைக்குத்தான் முதல் தடவையாக, வீடு போய்ச் சேருகிற வரைக்கும் அவள் தலை நிமிரவே இல்லை.